சிற்றாற்று வெள்ளமும் பிசான நெல்லும்

(சிற்றாற்றின் கடைமடைச் சிற்றூர் ஒன்றில், பிசானப் பருவத்துக்கு முன் நடைபெற்ற உழவர் பயிற்சி முகாமில் உழவியல் விரிவுரையாளர் ஒருவர் ஆற்றிய உரை)

 

பிசான நெல் சாகுபடியைப் பற்றிப் பேசும்படி என்னை அழைத்திருக்கிறீர்கள். விதை நேர்த்தி, நாற்றங்கால், அடியுரம் ஆகியவற்றைப் பற்றி இதே பந்தலில் முன்பே பலர் பேசியிருக்கிறார்கள். அவற்றையே நானும் திருப்பிச் சொன்னால் பின்வரிசையில் இருப்பவர்கள் எழுந்து தேநீர் குடிக்கப் போய்விடுவார்கள். ஆகவே இன்று பயிரைப் பற்றிப் பேசுமுன் உங்கள் ஆற்றைப் பற்றிப் பேசப் போகிறேன். ஆற்றின் போக்கை அறியாமல் பயிருக்கு நான் சொன்ன ஆலோசனையால் ஒருமுறை ஓர் உழவர் நட்டப்பட்டார். அந்தக் கதையைப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் ஒரு சிறு குழப்பத்தைத் தீர்த்துக் கொள்வோம். வானொலியிலும் நாளிதழிலும் அணைகளின் நீர்மட்டம் வரும்போது 'சிற்றாறு 1, சிற்றாறு 2' என்று இரண்டு அணைகளின் பெயர் வரும். அவை கன்னியாகுமரி மாவட்டத்து அணைகள். அவற்றுக்கும் நமது சிற்றாற்றுக்கும் தொடர்பு கிடையாது. அந்த அணைகள் நிரம்பின என்று கேட்டு இங்கே நாற்று பறிப்பதை நிறுத்தியவர்களும் உண்டு, நிரம்பவில்லை என்று கேட்டு நிம்மதியாகப் படுத்தவர்களும் உண்டு. இரண்டும் பிழை. நமது சிற்றாற்றின் தலையில், குற்றாலத்து அருவிக்கு மேலே, வெள்ளத்தைத் தேக்கி நிறுத்தக்கூடிய அணை எதுவும் இல்லை. இந்த ஒரு செய்தியை மனத்தில் இருத்திக் கொண்டால் மற்றவை எளிதில் விளங்கும்.

குற்றாலத்துக்கு மேலே உள்ள திரிகூட மலையில் சிற்றாறு பிறக்கிறது. பேரருவியாக விழுந்து, பாதிவழியில் பொங்குமாங்கடல் என்னும் பாறைக் குழியில் வேகம் தணிந்து, தரைக்கு வருகிறது. குற்றாலம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 160 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கிருந்து தென்காசி, வீரகேரளம்புதூர், கங்கைகொண்டான் வழியாகச் சீவலப்பேரியில் தாமிரபரணியோடு கலக்கிறது. மொத்த நீளம் சுமார் 80 கிலோமீட்டர். 2019 நவம்பரில் தென்காசி தனி மாவட்டமான பிறகு, இந்த ஆற்றின் தலை ஒரு மாவட்டத்திலும் கால் இன்னொரு மாவட்டத்திலும் இருக்கின்றன. தண்ணீருக்கு அது தெரியாது. எச்சரிக்கை கேட்கும் நமக்குத் தெரிய வேண்டும். கடைமடையில் இருப்பவர் தம் மாவட்டத்து மழை அறிவிப்பை மட்டும் கேட்டால் போதாது, தென்காசி மாவட்டத்து அறிவிப்பையும் கேட்க வேண்டும்.

சிற்றாறு தனியாக வருவதில்லை. ஐந்தருவியாறு, செங்கோட்டைப் பக்கத்து அரிகர நதி, குண்டாறு, மேக்கரையிலிருந்து வரும் அனுமன் நதி, கடையநல்லூருக்கு மேற்கே உள்ள கருப்பாநதி, அழுதகண்ணியாறு என்று ஒரு குடும்பமே அதனோடு சேருகிறது. இவற்றுள் சிலவற்றில் அணைகள் இருக்கின்றன. குண்டாறு அணையின் உயரம் 36 அடிதான். குற்றாலத்தில் சாரல் தொடங்கிச் சில நாட்களில் அது நிரம்பி வழிந்துவிடும். கருப்பாநதி அணை 72 அடி. அனுமன் நதியின் குறுக்கே உள்ள அடவிநயினார் அணை 132 அடி உயரம் என்றாலும் அதுவும் பெரிய கொள்ளளவு உடையதன்று. பாபநாசத்தையும் மணிமுத்தாற்றையும் பார்த்துப் பழகிய கண்ணால் இவற்றைப் பார்க்கக் கூடாது. இவை கார்ப் பயிருக்கும் பிசானப் பயிருக்கும் தண்ணீர் தருவதற்கான அணைகளே தவிர, பெருவெள்ளத்தைத் தாங்கி நிறுத்துவதற்கானவை அல்ல. நிரம்பிய பிறகு, வருகிற நீர் அப்படியே கீழே வரும்.

இந்த ஆற்றுக்கு இன்னொரு தனிச்சிறப்பு உண்டு. தலையில் குற்றாலக் குறவஞ்சியும் கடையில் முக்கூடற்பள்ளும் பிறந்த ஆறு இது. முக்கூடல் என்பது தாமிரபரணியும் சிற்றாறும் கயத்தாறும் கூடுகிற இந்தச் சீவலப்பேரிப் பகுதிதான். பள்ளு நூலில் வெள்ளம் வருவதை உழவர்கள் ஆவலோடு எதிர்பார்க்கிறார்கள். இன்றைக்கு நாம் அஞ்சுகிறோம். இடையில் என்ன நேர்ந்தது என்பதையும் போகிற போக்கில் சொல்கிறேன்.

வயலில் நிற்பது யார் வீட்டுத் தண்ணீர்?

சிற்றாற்று வெள்ளம் என்று நாம் ஒரே பெயரால் சொன்னாலும், உண்மையில் அது மூன்று வகை.

முதலாவது, மலைத் தண்ணீர். தென்மேற்குப் பருவக் காற்று செங்கோட்டைக் கணவாயின் வழியாகப் புகுந்து குற்றாலப் பகுதியில் சாரலாகவும் மழையாகவும் கொட்டும். அப்போது இங்கே வானம் வெளிறிக் கிடக்கும். ஒரு துளி விழாது. ஆனாலும் ஆற்றில் செந்நீர் வரும். கோடை மழையிலும் இப்படி நேர்வதுண்டு. 2024 மே 17 அன்று பழைய குற்றால அருவியில் திடீரென்று வந்த வெள்ளம் ஒரு சிறுவனின் உயிரைக் கொண்டு போனதை நீங்கள் அறிவீர்கள். அருவியில் நின்றவர்களுக்கே அது தெரியாமல் வந்தது. மேலே காட்டில் பெய்த மழை அது. மலைத் தண்ணீர் விரைந்து ஏறும், விரைந்து வடியும். தென்காசிப் பக்கத்து வயல்களில் அது ஒரு நாளில் வந்து ஒரு நாளில் போய்விடுவதே பெரும்பான்மை. போகும்போது வரப்பையும் நாற்றையும் கொண்டு போகும், மணலைப் போட்டுவிட்டுப் போகும்.

இரண்டாவது, நம் தலைமேல் பெய்கிற தண்ணீர். வடகிழக்குப் பருவத்தில், ஐப்பசி முதல் மார்கழி வரை, மழை கிழக்கேயிருந்து வருகிறது. சமவெளியிலும் பெய்யும், மலையிலும் பெய்யும். குளங்கள் ஒன்றன்பின் ஒன்றாக நிரம்பி மறுகால் பாயும். மேல்குளத்து மறுகால் கீழ்க்குளத்துக்கு வரத்து, கீழ்க்குளத்து மறுகால் அதற்கும் கீழே உள்ள குளத்துக்கு வரத்து. இப்படிச் சங்கிலியாக வந்து கடைசியில் ஆற்றில் விழ வேண்டும். இந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி அடைபட்டாலும் நீர் வயலில் ஏறும்.

மூன்றாவதுதான் நம் கடைமடைக்கே உரியது. அது சிற்றாற்றுத் தண்ணீரே அன்று, தாமிரபரணித் தண்ணீர். தாமிரபரணி இருகரையும் புரண்டு போகிறபோது சீவலப்பேரியில் சிற்றாறு உள்ளே நுழைய இடம் இல்லாமல் எதிர்த்து நிற்கும். ஒரு வாசலில் பெரியவர்கள் கூட்டமாக வெளியேறும்போது பக்கத்துச் சந்திலிருந்து வரும் பிள்ளைகள் நின்றுகொண்டுதானே இருக்க வேண்டும்? அதுபோலத்தான். பின்னால் வருகிற சிற்றாற்று நீர் மேலும் மேலும் சேர்ந்து பள்ளக்கால் வயல்களில் பரவும். இந்த நீருக்கு ஓட்டம் கிடையாது. வடிவதற்கும் நாள் ஆகும். வண்டல் அடியில் படியும். பெரிய ஆறு தணிந்தால்தான் இது தணியும். அதனால் குற்றாலத்தில் மழை விட்டு இரண்டு நாள் ஆன பிறகும் உங்கள் வயலில் தண்ணீர் குறையவில்லையென்றால், குற்றாலத்தைக் குறை சொல்லிப் பயனில்லை. பாபநாசத்திலும் சேர்வலாற்றிலும் மணிமுத்தாற்றிலும் எவ்வளவு திறக்கிறார்கள் என்று கேளுங்கள்.

ஆக, வயலில் தண்ணீர் ஏறியதும் நாம் கேட்க வேண்டிய முதற்கேள்வி, 'இது யார் வீட்டுத் தண்ணீர்?' என்பதே. மலைத் தண்ணீராயின் நாளை வடியும். தலைமேல் பெய்ததாயின் மறுகாலை ஒழுங்கு செய்தால் வடியும். பெரிய ஆற்றுத் தண்ணீராயின் ஒரு வாரமானாலும் ஆகலாம். எடுக்க வேண்டிய நடவடிக்கை இவற்றுக்கேற்ப மாறும்.

நீரின் அளவைப் பற்றியும் ஒரு கணக்குச் சொல்கிறேன், பள்ளிப் பிள்ளைகள் இருந்தால் போட்டுப் பாருங்கள். ஓர் எக்டர் நிலத்தில் 1 செ.மீ. மழை பெய்தால் அது 1 லட்சம் லிட்டர். மலையில் 100 சதுர கிலோமீட்டர் பரப்பில் ஒரே நாளில் 10 செ.மீ. பெய்கிறது என்று வைத்துக் கொள்ளுங்கள். அது 1,000 கோடி லிட்டர். அதில் பாதி மண்ணில் ஊறினாலும் 500 கோடி லிட்டர் ஓடி வரும். இனி வேகத்தைப் பார்ப்போம். வெள்ளம் மனிதன் விரைந்து நடக்கும் வேகத்தில், மணிக்கு 5 முதல் 6 கிலோமீட்டர் வருகிறது என்று கொண்டால், 80 கிலோமீட்டரைக் கடக்க ஏறக்குறைய 15 மணி நேரம். வழியில் உள்ள அணைக்கட்டுகளும் கால்வாய்களும் குளங்களும் கொஞ்சம் பிடித்து வைக்கும், அதனால் இன்னும் தாமதமாகலாம். அதாவது, காலையில் மலையில் கொட்டியது நள்ளிரவில் நம்மிடம் வரும். அந்தப் பகற்பொழுது நம் கையில் இருக்கிறது. அதை வைத்து நாம் என்ன செய்கிறோம் என்பதே கேள்வி.

நான் செய்த பிழை

இப்போது அந்தக் கதை. நான் பணியில் சேர்ந்த புதிது. சிற்றாற்றுப் பாசனத்தில் இரண்டு ஏக்கர் வைத்திருந்த ஒரு பெரியவர் பிசானத்தில் நட்டிருந்தார். நட்டு 25 நாள் ஆகியிருந்தது. பரிந்துரை அட்டவணையை எடுத்துப் பார்த்தேன். மேலுரம் இட வேண்டிய நாள். ஏக்கருக்கு 22 கிலோ யூரியா, ஆக இரண்டு ஏக்கருக்கு ஒரு மூட்டை. "ஐயா, இன்றைக்கே போட்டுவிடுங்கள், தள்ளிப் போடாதீர்கள்" என்றேன். அவர் சற்றுத் தயங்கினார். படித்தவன் சொல்கிறேனே என்று போட்டுவிட்டார். மறுநாள் இரவு ஆறு வந்தது. இரண்டு நாள் பயிர் முழுகிக் கிடந்தது.

யூரியா நீரில் எளிதில் கரைவது. அது மண்ணில் அம்மோனியமாக மாறி மண்துகளோடு ஒட்டிக்கொள்ளச் சில நாட்கள் வேண்டும். அதற்குள் வெள்ளம் வந்தால் மூட்டையோடு போனதுதான் கணக்கு. பணம் போனது மட்டுமன்று. முழுகுவதற்குச் சற்று முன் தழைச்சத்தை உண்ட பயிர், இடாத பயிரைவிட மோசமாக அழுகும். இலை தளதளவென்று மென்மையாக இருக்கும், தண்டில் சேமிப்பு குறைந்திருக்கும். நீருக்குள் மூச்சு முட்டுகிற நேரத்தில் பயிர் தன் சேமிப்பைத் தின்றே உயிர் வாழ வேண்டும். பக்கத்து வயலில் யூரியா வாங்கக் காசில்லாமல் இருந்தவரின் பயிர் என் ஆலோசனையைக் கேட்டவரின் பயிரைவிட நன்றாகத் தலையெடுத்தது. அதைப் பார்த்துக்கொண்டு நான் வரப்பில் நின்றேன். பெரியவர் கோபப்படவில்லை. "தம்பி, நீங்க தாளைப் பாத்தீய, மேக்க பாக்கலியே" என்று மட்டும் சொன்னார். அன்று முழுவதும் குற்றாலத்து மலை கறுத்துக் கிடந்திருக்கிறது.

அன்றிலிருந்து நான் மேற்கே பார்க்கிறேன். ஆனால் மேற்கே பார்ப்பது மட்டும் போதாது என்பதை 2023-ஆம் ஆண்டு டிசம்பர் 17, 18 தேதிகள் எனக்குக் கற்றுக் கொடுத்தன. அந்த முறை பெருமழை கொட்டியது மலைமேல் மட்டும் அன்று. கடலோரத்தில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ., ஸ்ரீவைகுண்டத்தில் 62 செ.மீ. பெய்தது. ரயில் நிலையத்தில் நின்ற ரயிலில் பயணிகள் நூற்றுக்கணக்கில் சிக்கிக் கொண்டார்கள். அணைகளுக்குக் கீழே, அணை எதுவும் பிடிக்க முடியாத சமவெளியில் பெய்த மழை அது. சிற்றாறு சீவலப்பேரியில் சேர்ந்த பிறகு மருதூர், ஸ்ரீவைகுண்டம் என்னும் இரண்டு அணைக்கட்டுகள்தாம் கடலுக்கு முன் இருக்கின்றன. அந்தப் பாசனத்து நெல்லும் வாழையும் பட்ட பாட்டை நீங்கள் நேரில் கண்டவர்கள், நான் விவரிக்க வேண்டியதில்லை. 1992 நவம்பர் வெள்ளத்தையும் பார்த்த பெரியவர்கள் இங்கே இருக்கிறார்கள்.

எனவே பார்க்க வேண்டிய இடம் மூன்று: மேற்கே மலை, கிழக்கே தாமிரபரணியின் மட்டம், தலைக்கு மேலே வானம். இந்திய வானிலை ஆய்வுத் துறையின் அறிவிப்பு இப்போது கைப்பேசியிலேயே கிடைக்கிறது. நம் ஊருக்குக் கனமழை என்று சொல்லாவிட்டாலும் தென்காசி மாவட்டத்துக்குச் சொல்லியிருந்தால் உர மூட்டையைப் பிரிக்காதீர்கள். மேலுரத்தை நான்கைந்து நாள் தள்ளிப் போடுவதால் பயிர் பெரிதாக எதையும் இழந்துவிடாது.

முழுகிய பயிர் எப்போது சாகிறது?

நெல் நீர்விரும்பும் பயிர்தானே, நீரில் ஏன் சாக வேண்டும் என்று கேட்கலாம். காற்றில் பரவுவதைவிட நீரில் உயிர்வளி ஏறத்தாழ 10,000 மடங்கு மெதுவாகப் பரவுகிறது. இலையின் நுனி வெளியே தெரிந்தால் பயிர் அதன் வழியே மூச்சு வாங்கி வேர்வரை அனுப்பிவிடும். நுனியும் மூழ்கிவிட்டால்தான் துன்பம். அதிலும் தெளிந்த குளிர்ந்த ஓடும் நீரில் பயிர் சில நாட்கள் தாங்கும். கலங்கிய, வெதுவெதுப்பான, தேங்கிய நீரில் தாங்காது, ஏனெனில் வெளிச்சமும் கிடைக்காது. மேலே மலைத் தண்ணீர் வந்து போகும் வயலுக்கும் கடைமடையில் எதிர்த்து நிற்கும் நீர் தேங்கும் வயலுக்கும் உள்ள வேறுபாடு இங்கேதான் இருக்கிறது.

வேறொரு செய்தியும் இதில் உண்டு. சாதாரண நெல் முழுகியவுடன் எப்படியாவது வெளியே தலை நீட்டிவிட வேண்டும் என்று விரைந்து நீளும். சேமிப்பெல்லாம் அதிலேயே செலவாகிவிடும். நீர் வடிந்ததும் நிற்க வலுவின்றிச் சாய்ந்துவிடும். ஒடிசாவைச் சேர்ந்த எஃப்.ஆர். 13 ஏ என்னும் பழைய நெல் இதற்கு மாறாக, முழுகியதும் வளர்ச்சியை நிறுத்திக்கொண்டு அமைதியாக இருக்கும். அதற்குக் காரணமான சப் 1 மரபுக்கூறு எது என்பதை 2006-இல் அறிவியலாளர்கள் உறுதி செய்தார்கள். அதைச் சேர்த்து உருவாக்கியவைதாம் ஸ்வர்ணா சப் 1, சி.ஆர். 1009 சப் 1 முதலிய இரகங்கள். ஏறக்குறைய இரண்டு வாரம் முழுகினாலும் இவை மீண்டு வரும்.

இதைக் கேட்டவுடன், "அந்த விதையையே எல்லோருக்கும் வாங்கிக் கொடுங்கள்" என்பீர்கள். நான் அவ்வாறு பரிந்துரை செய்யமாட்டேன். சி.ஆர். 1009 சப் 1 ஏறத்தாழ 155 நாள் வயதுடையது. பிசானத்தில் நீங்கள் பிந்தி விதைத்தால், அறுவடை வரைக்கும் சிற்றாற்றில் நீர் இருக்கும் என்று யார் உறுதி சொல்வது? வெள்ளத்தில் தப்பிய பயிர் வறட்சியில் கருகிய வேடிக்கை இந்த ஆற்றுப் பாசனத்தில் புதிதன்று. மேலும் இந்தப் பண்பு தூர் கட்டும் பருவத்தில் முழுகினால்தான் கைகொடுக்கும். கதிர் வந்த பிறகு முழுகினால் எந்த இரகமும் ஒன்றுதான். ஆகவே ஆண்டுதோறும் நீர் எதிர்த்து நிற்கும் பள்ளக்கால் வயல்களில் மட்டும், முந்தி விதைக்கத் தண்ணீர் கிடைக்குமானால், அதைப் பயிரிட்டுப் பாருங்கள். மேட்டுக்கால் வயலுக்கு அம்பை 16 போன்ற குறுகிய கால இரகமே போதும்.

வெள்ளம் வருமுன் செய்ய வேண்டியது பெரிதாக ஒன்றும் இல்லை. ஆளுக்கு ஒரு சென்ட் நாற்றங்கால் கூடுதலாக, மேட்டு நிலத்தில், பத்து நாள் தள்ளி விதைத்து வையுங்கள். வெள்ளம் வராவிட்டால் அந்த நாற்று வீண் என்று நினைக்க வேண்டாம், மாடு தின்னும். நாற்றை முற்ற விட்டு நடுவதும் கூடாது, மிக இளசாக நட்டு மறுவாரம் முழுக விடுவதும் கூடாது. அடியுரத்தில் மணிச்சத்தையும் சாம்பல் சத்தையும் குறைக்காதீர்கள். தண்டில் வலு இருந்தால்தான் பயிர் தாங்கும்.

வெள்ளம் வடிந்த பிறகுதான் அவசரத்தில் பெரும் பிழைகள் நடக்கின்றன. என் கதையில் வந்த பெரியவரின் மேலண்டை வயல்காரர் மூன்றாம் நாளே வயலை உழுதுவிட்டார். பயிர் மஞ்சளாய், சேறு பூசிப் படுத்துக் கிடந்ததைப் பார்க்க மனம் பொறுக்கவில்லை. மறுவிதைக்கும் நடவுக் கூலிக்கும் கடன் வாங்கினார். பெரியவரோ உழவில்லை. ஒரு வாரம் பொறுத்தார். வழக்கமான விளைச்சலில் முக்கால் பங்கு எடுத்தார். இருவர் பயிரும் ஒரே நாளில் முழுகி ஒரே நாளில் வெளியே வந்தவை.

பயிர் உயிரோடு இருக்கிறதா என்று பார்க்க இலையைப் பார்க்காதீர்கள். வயலின் நாலைந்து இடங்களில் ஒவ்வொரு தூரைப் பிடுங்கி, தண்டின் அடிப்பாகத்தைக் கத்தியால் நெடுக்காகக் கீறுங்கள். உள்ளே குருத்து வெண்மையாகவும் கெட்டியாகவும் இருந்தால் பயிர் பிழைக்கும். பழுப்பாகிக் கொழகொழவென்று இருந்தால் அந்தத் தூர் செத்தது. வேரையும் பாருங்கள். புதிய வெள்ளை வேர் ஓரிரண்டு தலைகாட்டினால் நம்பிக்கை வைக்கலாம். வேர் கறுத்து, அழுகிய முட்டை நாற்றம் வீசினால் வயலில் இன்னும் நீர் வடியவில்லை என்று பொருள். முதலில் அதை வடியுங்கள். ஐந்தாறு நாள் கழித்து இன்னொரு முறை இதே சோதனையைச் செய்த பிறகே உழுவதா வேண்டாமா என்று முடிவு செய்யுங்கள்.

இலையில் படிந்த வண்டல் அடுத்த மழையில் கழுவிப் போகும். மழை இல்லாவிட்டால் தெளிந்த நீரைத் தெளிப்பானால் அடிக்கலாம். நீர் வடிந்ததும் ஏக்கருக்கு 2 கிலோ யூரியா, 1 கிலோ துத்தநாக சல்பேட் இரண்டையும் 200 லிட்டர் நீரில் கரைத்து இலைவழியாகத் தெளியுங்கள். வேர் செயல்படாத நாட்களில் பயிருக்கு இது கஞ்சி கொடுப்பது போல. புது வேர் கண்ட பிறகு, 22 கிலோ யூரியாவுடன் 18 கிலோ ஜிப்சம், 4 கிலோ வேப்பம்புண்ணாக்கு கலந்து ஓர் இரவு வைத்திருந்து, மறுநாள் 17 கிலோ பொட்டாஷையும் சேர்த்து இடுங்கள். இது ஒரு ஏக்கருக்கு உரிய அளவு. வேப்பம்புண்ணாக்கு யூரியாவின் தழைச்சத்தைச் சிறுகச் சிறுகப் பயிருக்குக் கிடைக்கச் செய்யும். செத்த தூர்கள் இருந்த இடத்தில் கூடுதல் நாற்றை நடலாம். நாற்று இல்லையெனில் நன்றாகத் தூர் கட்டிய பயிரிலிருந்து இரண்டு மூன்று சிம்புகளைப் பிரித்து நட்டுவிடலாம், அதுவும் இளம்பருவத்தில் மட்டும். பிறகு பாக்டீரியா இலைக்கருகல், இலைச்சுருட்டுப் புழு, வரப்பேறிய எலி இவற்றைக் கவனித்துக் கொள்ளுங்கள்.

வாழைக்காரர்களுக்கு ஒரு சொல். வாழை நெல்லைப்போல் நீருக்குள் மூச்சுவிட அறியாதது. நான்கு வரிசைக்கு ஒரு வடிகால் வாய்க்கால் இல்லாத தோட்டத்தில் என்ன மருந்து ஊற்றினாலும் பயனில்லை.

இனிக் கசப்பான ஒரு செய்தி. சென்ற முகாமில் ஒரு தம்பி கேட்டார்: "தண்ணீர் ஏறினால் கரையை வெட்டிவிட்டால் என்ன?" வெட்டலாம். உங்கள் வயல் வடியும், கீழூர்க்காரர் வயல் முழுகும். குளத்துக் கரையை வெட்டினால் தை, மாசியில் கதிர் பால் பிடிக்கும்போது உங்களுக்கே தண்ணீர் இராது. வெட்ட வேண்டியது கரையை அன்று. மறுகால் ஓடையைத்தான் வெட்டித் திறக்க வேண்டும். அந்த ஓடை எங்கே இருக்கிறது? அங்கேதான் சங்கடம். பல ஊர்களில் நான் நடந்து பார்த்திருக்கிறேன். பெரிய மனிதர்கள் கட்டடம் கட்டியதும் உண்டு, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் பத்தடி அகல ஓடையை ஆளுக்கு ஒரு சால் உழுது உழுது மூன்றடி ஆக்கியவர்கள் யார்? அதில் நெல் நட்டவர் யார்? வாழைக் கட்டைகளையும் வைக்கோலையும் அதில் தள்ளியவர் யார்? நம் முன்னோர் வெள்ளத்தை வரவேற்க முடிந்ததற்குக் காரணம், அது வந்து போவதற்கு அவர்கள் வழிவிட்டிருந்ததுதான். அமலைச் செடியும் சீமைக் கருவேலும் ஓடையில் நிற்கும்வரை சப் 1 விதையும் உதவாது, என் பேச்சும் உதவாது.

எல்லாவற்றையும் அரசு வந்து செய்யட்டும் என்று காத்திருக்க ஐப்பசி நமக்காகக் காத்திருக்காது. ஆற்றுக்குள் செய்ய வேண்டிய வேலைக்கு மனுக் கொடுங்கள், அது பொதுப்பணி. வயலிலிருந்து ஓடைவரை உள்ள தூரம் நம்முடையது. பயிர்க் காப்பீட்டுக் கெடு முடியுமுன் கூட்டுறவுச் சங்கத்தில் பதிந்து கொள்வதையும் மறவாதீர்கள். வெள்ளம் வந்த பிறகு பதிய முடியாது.

உங்கள் ஊர்க் குளத்தின் மறுகாலிலிருந்து ஆறுவரை ஓடை ஒன்றரைக் கிலோமீட்டர் என்று காலையில் சொன்னீர்கள். நான் அரைத் தூரம்தான் நடக்க முடிந்தது, அதற்கு அப்பால் முள் மண்டிக் கிடக்கிறது. கேள்விகள் இருந்தால் இப்போது கேளுங்கள். பிறகு வெயில் தாழ்ந்ததும் எல்லோரும் அந்த ஓடையைப் பார்த்துவிட்டு வருவோம். அரிவாளும் மண்வெட்டியும் வைத்திருப்பவர்கள் கையோடு எடுத்து வாருங்கள்.